நான்காம் நிலை

வழக்குக் கோப்பை அவர் வீட்டுக்குக் கொண்டுவரக் கூடாது.
கொண்டுவருவார்.
ஊறுகாய்ப் போத்தலுக்குப் பக்கத்தில் வைத்து
செய்தித்தாளால் மூடுவார்,
நான் பார்க்கக் கூடாதென்று அல்ல,
பார்த்ததைத் தான் பார்க்காமல் இருக்க.

பதினேழு வருஷம் இப்படித்தான்.
வெருலம் நீதிமன்றத்தில் அரசுத் தரப்பில்
பிரகாசன் மூட்லி எழுந்து நிற்கும்போது
அங்கியின் மூன்றாம் பொத்தான் நான் தைத்தது.
வேறெதிலும் என் கை இருப்பதாக
எந்தக் காகிதமும் சொல்லாது.

இம்முறை கோப்பில் நொம்வுலா.
வார்டு கவுன்சிலர். பெயரிலேயே மழை.
தண்ணீர் லாரி எத்தனை ஓடியது,
எத்தனைக்குப் பணம் போனது என்று
சபையில் இரண்டு முறை கேட்டவள்.
மூன்றாம் முறை கேட்க இருந்த வாரம்
வீட்டு கேட்டைத் திறக்கக் காரைவிட்டு இறங்கினாள்.
ஐந்து குண்டு.
பின்சீட்டில் ஒரு ரொட்டி,
பள்ளிக்கூடச் சாக்ஸ் ஒரு ஜோடி, விலைச்சீட்டு பிரிக்காமல்.

குழாய் வறண்ட மாதங்களில் ஒருநாள்
வாளியோடு எனக்கு முன்னால் நின்றாள்.
கவுன்சிலர் என்று சொல்லி முந்தவில்லை.
அவளைப் பற்றி எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

சாட்சியின் வாக்குமூலம் இரண்டு பக்கம்.
'மாலை ஆறு நாற்பது.
தெருவிளக்கு வெளிச்சத்தில் அவன் முகத்தைத்
தெளிவாகப் பார்த்தேன்.'
அவன் என்றால் சியாண்டா. பத்தொன்பது வயது.
கார் கழுவுகிறவன். ஆறு வாரமாக உள்ளே.

படித்துவிட்டுப் பாத்திரம் துலக்கப் போனேன்.
குழம்புச் சட்டியில் கை நின்றது.

அன்று ஆடி வியாழன்.
இந்த நாட்டில் ஆடி என்றால் குளிர்; ஐந்தரைக்கே இருட்டு.
மறுநாள் மாரியம்மனுக்குக் கூழ்.
கைப்பேசியைச் சுவரில் சாய்த்து
அந்தத் துளி வெளிச்சத்தில் கேஸ் அடுப்பில்
கட்டி தட்டாமல் கிளறிக்கொண்டிருந்தேன்.

ஃபிரிட்ஜ் கதவில் முனிசிபாலிட்டி அட்டவணை
இன்னும் ஒட்டியிருக்கிறது.
நான்காம் நிலை மின்வெட்டு. ஆறிலிருந்து எட்டரை.
அவள் தெருவும் எங்கள் பிளாக்.

எழுப்பினேன்.
"அவள் ஏன் இறங்கினாள்?"
"கேட்டைத் திறக்க."
"ரிமோட் இல்லையா?"
இருந்தது. ஒன்பதாவது சான்றுப்பொருள்.
கையில் இறுக்கிப் பிடித்தபடியே கிடந்திருக்கிறாள்.
அவர் கண்ணாடியைத் தேட ஆரம்பித்தார்.
கண்ணாடி நெற்றியில்தான் இருந்தது.

"இந்தச் சாட்சி போனால் வழக்கே போகும்."
"போகட்டும். கொலை அங்கேயேதானே இருக்கிறது?"

நெடுநேரம் யாரும் பேசவில்லை.
பிறகு நான்தான் சொன்னேன்:
இந்தத் தெருக்காரன் எவனும்
அந்த மணிக்குப் பொய்யில்கூட விளக்கேற்ற மாட்டான்.
இது சாட்சியின் பொய் அல்ல.
எழுதிக் கொடுத்தவனுக்கு
மின்வெட்டு என்றால் என்னவென்றே தெரியாது.

எங்கள் வார்டில் அப்படி ஒரே வீடு.
ஜெனரேட்டர் உறுமினால் கோயில் மேளம் கேட்காது.
வாசலில் நாலு தண்ணீர் லாரி.
அந்த வீட்டுக் கிரகப்பிரவேசத்தில்
நாங்கள் இருவரும் சாப்பிட்டிருக்கிறோம்.
பாயசம் நன்றாகவே இருந்தது.

அட்டவணையைக் கிழியாமல் எடுத்து
பிளாஸ்டிக் உறையில் போட்டார்.
காந்தத்தை என்னிடம் திருப்பித் தந்தார்.

மறுநாள் கோப்பில் ஒரு வரி:
'கிடைத்த தகவலின் பேரில் மறுவிசாரணை.'
கிடைத்ததாம்,
வழியில் கிடந்த சாவி போல.
உன் பாதுகாப்புக்குத்தான் என்றார்.
உண்மைதான். இருந்தாலும்
அந்தச் சொல்லை இரண்டு முறை படித்தேன்.

இன்றிரவு எட்டரைக்குக் கரண்ட் வந்தது.
எதிர்வீட்டு மதிலோரம் ஒரு வெள்ளைக் கார்,
எத்தனை நேரமாகவோ.
உள்ளே சிகரெட் நுனி ஒன்று.

திரையை இழுத்துவிட்டு
நம்பரை மளிகைச் சீட்டின் பின்புறம் எழுதினேன்.
ஃபிரிட்ஜ் கதவில் இடம் காலியாக இருந்தது.